கனடா லீயைப் பற்றி பாலுவுக்கு

அன்புள்ள பாலு,

உன் கடிதம் கிடைத்தது. மூட்டுவலி குறைந்தது நல்ல செய்தி. ஆனால் வலி குறைந்த மறுநாளே மாடியேறித் தண்ணீர்த் தொட்டியைக் கழுவினாய் என்று எழுதியிருக்கிறாயே, உன்னை என்ன சொல்வது! இங்கே எல்லோரும் சுகம். சின்னவளுக்குத் திருச்சிக்கு மாற்றல் கிடைத்துவிட்டது. பேரன் இனி அடிக்கடி வந்துபோவான் என்பதால் அவளைவிட எங்களுக்குத்தான் கொண்டாட்டம்.

குத்துச்சண்டையிலிருந்து நடிக்க வந்தவர்களை ஏன் அடியாளாகவே போடுகிறார்கள் என்று கேட்டிருந்தாய். உண்மைதான். மூக்கு உடைந்து கழுத்து தடித்த ஆள் வந்து நின்றால் இயக்குநருக்குப் பாதி வேலை மிச்சம். அந்தக் கணக்கில் அடங்காத ஒருவரைச் சொல்கிறேன், கேள்: கனடா லீ.

1907இல் நியூயார்க்கில் பிறந்த கறுப்பினத்தவர். கனடாவுக்கும் அவருக்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை. கனெகாட்டா என்ற குடும்பப் பெயர் சண்டை அறிவிப்பாளரின் வாயில் நுழையவில்லை. அவர் உளறியதே நிலைத்துவிட்டது. சிறுவயதில் வயலின் கற்றவர், வீட்டைவிட்டு ஓடிப்போய்க் குதிரைப் பந்தய ஜாக்கி ஆனார். உடம்பு வளர்ந்து எடை கூடியதும் குதிரையை விட்டுக் கையுறையை மாட்டிக்கொண்டார். வெல்டர்வெயிட் என்ற நடுத்தர எடைப் பிரிவில் நல்ல பெயர் எடுத்துவந்த நேரத்தில், வாங்கிய ஒரு குத்தில் விழித்திரை பிரிந்து ஒரு கண்ணில் பார்வை போயிற்று. 1933இல் விலகினார். கையில் காசு இல்லாமல் வேலை தேடி, நியூயார்க்கில் கறுப்பினத்தவர் வாழும் பகுதியான ஹார்லெமின் ஒய்.எம்.சி.ஏ.வுக்குப் போனவர், அங்கே நடந்துகொண்டிருந்த நடிகர் தேர்வுக்குள் நுழைந்துவிட்டார்.

இதை அதிர்ஷ்டம் என்பார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. 1936இல் ஆர்சன் வெல்ஸ் ஹார்லெமில் கறுப்பின நடிகர்களை வைத்து ஷேக்ஸ்பியரின் மேக்பெத் நாடகம் போட்டபோது, மேக்பெத்தின் நண்பன் பாங்கோ வேடம் லீக்குத்தான். 1941இல் நியூயார்க்கின் பெரிய நாடக அரங்குகள் இருக்கும் பிராட்வேயில் 'நேட்டிவ் சன்' நாடகத்தின் நாயகன். 1946இல் 'டச்சஸ் ஆஃப் மால்ஃபி' நாடகத்தில் முகத்துக்கு வெள்ளைச் சாயம் பூசிக்கொண்டு வெள்ளைக்காரன் வேடத்தில் நடித்தார். ஷேக்ஸ்பியரின் வரிகளை ஒரு கண்ணோடு உட்கார்ந்து உருப்போட்ட இரவுகளை அதிர்ஷ்டக் கணக்கில் எழுத முடியுமா?

ஹிட்ச்காக்கின் 'லைஃப்போட்' படத்தில் (1944) கப்பல் பணியாளாக வருவார். போரில் கப்பல் மூழ்கி ஒரே படகில் தப்பியவர்களின் கதை அது. அவர்கள் தங்களோடு ஏறிய எதிரி ஜெர்மன்காரனைச் சூழ்ந்துகொண்டு அடித்துக் கடலில் தள்ளும் கட்டத்தில், சேராமல் ஒதுங்கி நிற்பது அவர் மட்டும்தான். படகிலேயே அடிக்கத் தெரிந்த ஒரே ஆள்!

ஆனால் நீ பார்க்க வேண்டியது 1947இல் வந்த 'பாடி அண்ட் சோல்'. ஜான் கார்ஃபீல்டு நாயகன், லீ அவரிடம் பட்டத்தை இழக்கும் சாம்பியன் பென். மூளையில் ரத்தக்கட்டு இருப்பதை மறைத்து அவரைச் சண்டைக்கு இறக்கிவிடுகிறார்கள். பிறகு தன்னை வென்றவனுக்கே பயிற்சியாளராக வேலைக்குச் சேர்கிறார். அந்தப் பகுதியில் லீயைக் கவனி. மிரட்டல் இல்லை, தோளை நிமிர்த்தும் வீறாப்பு இல்லை. பேச்சில் ஒரு சாந்தம். எதையும் அவசரமாகச் செய்வதில்லை. அடிபட்ட தலையோடு நாளைக் கடத்துகிறவன் எப்படி இருப்பான் என்பதை எந்த இயக்குநரும் அவருக்குச் சொல்லியிருக்க மாட்டார். கடைசியில் வெறி பிடித்தவர்போல எதிரே இல்லாத ஆளைக் குத்திக் குத்தி விழுந்து சாகும்போது, அதுவரை அடக்கி வைத்திருந்ததெல்லாம் வெளியே வருகிறது. பார்வை போன கண்ணோடு அவர் அதை நடித்தார் என்பது நினைவுக்கு வந்ததும் நான் படத்தை நிறுத்திவிட்டு எழுந்து நடந்தேன்.

இன்னொரு செய்தி: அதை ஒளிப்பதிவு செய்த ஜேம்ஸ் வோங் ஹோவும் இளமையில் குத்துச்சண்டை போட்டவர். சக்கரக் காலணி மாட்டிக்கொண்டு, கேமராவைக் கையில் பிடித்தபடி சண்டைக்குள்ளேயே புகுந்து எடுத்தாராம். அதனால்தான் அந்தச் சண்டையை நாம் வெளியே உட்கார்ந்து பார்ப்பதுபோல் இல்லை.

அதன் பிறகு நடந்தது வயிற்றெரிச்சல். அமெரிக்காவில் கம்யூனிஸ்ட் வேட்டை நடந்த காலம். லீ மீதும் முத்திரை குத்தினார்கள். வானொலி, தொலைக்காட்சி வாய்ப்புகள் கைநழுவின. 1950இல் 'க்ரை, தி பிலவ்ட் கன்ட்ரி' படத்துக்காகத் தென்னாப்பிரிக்கா போனார், கிராமத்துப் பாதிரியாராக நடிக்க. அங்கே இனஒதுக்கல் சட்டம். அவரும் அதே படத்தில் நடித்த கறுப்பின நடிகர் சிட்னி பாய்ட்டியரும் நடிகர்களாக நுழைய முடியாமல், இயக்குநர் சோல்டன் கோர்டாவின் ஒப்பந்தக் கூலிகள் என்று பதிவாகி உள்ளே போனார்கள். 1952 மே 9இல் லீ இறந்தபோது வயது 45. அதே வேட்டையில் சிக்கிய கார்ஃபீல்டு பன்னிரண்டு நாள் கழித்துப் போனார், அவருக்கு 39. குத்துச்சண்டையிலாவது நடுவர் ஒருவர் இருப்பார், பாலு.

படம் கிடைத்தால் பார். கறுப்பு வெள்ளை என்றாலே உனக்குக் கொட்டாவி வரும் என்று தெரியும். பாதிப் படத்துக்கு மேல்தான் லீக்கு வேலை, அதுவரை பொறுத்துக்கொள். பார்த்துவிட்டு, கார்ஃபீல்டுதான் உசத்தி என்று நீ எழுதினால் சண்டைக்கு நான் தயார்.

மாசிக் கடைசியில் திருச்சி போகும் வழியில் உன் ஊரில் இறங்கலாம் என்றிருக்கிறோம். எந்த வாரம் வீட்டில் இருப்பீர்கள் என்று உன் மனைவியைக் கேட்டு எழுது. உன்னைக் கேட்டால் தேதி மாறிவிடும்.

அன்புடன்,
ராமு