மிக்கோயனும் இரண்டு பட்டியல்களும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சோவியத் தலைவர் அனஸ்தாஸ் மிக்கோயன் குறித்துச் சென்ற இதழில் வெளியான கட்டுரையை இருமுறை படித்தேன். விளதீமிர் இலியிச் லெனின் காலத்தில் தொடங்கி லியோனித் இலியிச் பிரெஷ்னேவ் காலம் வரை பதவியில் நீடித்த அவரை, 'இலியிச்சிலிருந்து இலியிச் வரை, மாரடைப்பும் இல்லை, பக்கவாதமும் இல்லை' என்று ரஷ்யர்கள் கேலி செய்ததையும், 1936-ல் அமெரிக்கா சென்று வந்து ஐஸ்கிரீமையும் 'மிக்கோயன் கட்லெட்'டையும் சோவியத் நகரங்களில் பரப்பியதையும் கட்டுரையாளர் சுவைபட எழுதியுள்ளார். ஆனால் 1935 முதல் 1966 வரை கட்சியின் உச்சத் தலைமையில் இருந்த ஒருவரைச் 'சாமர்த்தியசாலி' என்ற ஒரே சொல்லில் அடக்கிவிட்டது எனக்கு ஒப்பவில்லை.

1918 செப்டம்பரில் பாக்கூ நகரின் புரட்சி ஆட்சியை நடத்திய தலைவர்களான 'பாக்கூ கமிசார்கள்' 26 பேர் காஸ்பியன் கடலுக்கு அப்பாலுள்ள பாலைவனத்தில் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். முன்பு சிறையில் உணவு பங்கிடுவதற்காக எழுதி வைத்திருந்த ஒரு பட்டியலைக் கொண்டே யார் யாரைக் கொல்வது என்று முடிவானது. அதில் பெயர் இல்லாததால் உடனிருந்த மிக்கோயன் பிழைத்தார். அப்படிப் பிழைத்தவர், 1937-ல் ஸ்டாலினின் ஆணைப்படி கட்சித் தலைவர்களில் ஒருவரான மாலென்கோவுடன் ஆர்மீனியத் தலைநகர் யெரெவானுக்குப் போனபோது, கைது செய்யப்பட வேண்டியவர்களின் பட்டியலைக் கையில் கொண்டு போனார். சொந்த ஆர்மீனியாவின் கட்சித் தலைமையே அப்போது துடைத்தெடுக்கப்பட்டது. கட்டுரையில் இதற்கு ஒரு வரிகூட இல்லை.

அச்சம் அவர் வீட்டையும் விடவில்லை. போர் விமானியான மகன் 1942-ல் ஸ்டாலின்கிராது அருகே உயிரிழந்தார்; அடுத்த ஆண்டே பள்ளிக்கூடப் பருவத்தில் இருந்த வேறு இரு மகன்கள் கைதாகித் தஜிகிஸ்தானுக்கு நாடு கடத்தப்பட்டார்கள். தந்தையோ வழக்கம்போல் ஸ்டாலினின் மேசையருகே அமர்ந்திருந்தார். இதைச் சாமர்த்தியம் என்பதா, வேறு போக்கில்லாத நிலை என்பதா?

பிற்காலத்து மிக்கோயன் வேறு மாதிரியாகத் தெரிகிறார் என்பதையும் சொல்லியாக வேண்டும். 1956 பிப்ரவரியில் கம்யூனிஸ்ட் கட்சியின் 20-ஆவது காங்கிரசில் (மாநாட்டில்), ஸ்டாலினின் குற்றங்களை வெளிப்படுத்திய குருஷேவின் இரகசிய உரைக்குச் சில நாட்கள் முன்பே, ஸ்டாலின் காலத்தை மேடையில் விமர்சித்தார். அவ்வாண்டு கிளர்ச்சி வெடித்த ஹங்கேரிக்கு இரண்டாம் முறை படை அனுப்புவதை எதிர்த்தார். அவர் பேச்சு எடுபடவில்லை. 1962 நவம்பரில், கியூபாவில் நிறுத்தியிருந்த சோவியத் ஏவுகணைகளைத் திரும்பப் பெறுவதில் கொதித்துப் போயிருந்த கியூபத் தலைவர் காஸ்ட்ரோவைச் சமாதானப்படுத்த ஹவானாவில் இருந்தபோது, மாஸ்கோவில் மனைவி அஷ்கேன் இறந்த செய்தி வந்தது. உடன் வந்திருந்த மகனை இறுதிச் சடங்குக்கு அனுப்பிவிட்டு, அவர் அங்கேயே தங்கிப் பேச்சுவார்த்தையைத் தொடர்ந்தார். 1964-ல் குருஷேவை இறக்கியபோது அவருக்குப் பொறுப்பு ஏதாவது விட்டுவைக்கலாம் என்று பரிந்து பேசியவரும், 1971-ல் குருஷேவின் சவ அடக்கத்துக்கு மலர் வளையம் அனுப்பியவரும் இவரே.

கடைசியாக ஒரு திருத்தம். மிக் போர் விமானத்தை அனஸ்தாஸ் மிக்கோயன் உருவாக்கியதாகப் படத்தின் கீழ் அச்சிட்டிருக்கிறீர்கள். அதை உருவாக்கியவர்கள் அவருடைய தம்பி ஆர்த்தியோமும் குரேவிச்சும். அடுத்த இதழில் இதைத் திருத்தி வெளியிடும்போது, யெரெவான் பயணத்தையும் சேர்த்து எழுதும்படி கட்டுரையாளரைக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியர்,
மயிலாடுதுறை