நீலம் பாய்ந்த சைலன்சர் குழாய்

அன்பு நண்பருக்கு,

வணக்கம். உங்கள் கடிதம் கிடைத்தது. முதுகுவலி தணிந்து மீண்டும் மோட்டார் சைக்கிளை எடுத்துவிட்டீர்கள் என்று படித்தபோது ஏற்பட்ட மகிழ்ச்சிக்கு அளவில்லை. இங்கு அனைவரும் நலம்.

இடப்பக்கச் சைலன்சர் குழாய், இன்ஜினிலிருந்து வளைந்து இறங்கும் இடத்தில் கருநீலமாகிவிட்டது என்றும், பாலிஷ் போட்டு அதைப் போக்கிவிடப் போவதாகவும் எழுதியிருந்தீர்கள். தயவுசெய்து சற்றுப் பொறுங்கள். அந்த நிறம் அழுக்கு அன்று. சூடேறிய உலோகத்தின் மேற்பரப்பு காற்றிலுள்ள ஆக்சிஜனோடு சேர்ந்து மிக மெல்லிய ஆக்சைடு படலத்தை உண்டாக்குகிறது. அதன் மேற்புறத்திலும் அடிப்புறத்திலும் பட்டுத் திரும்பும் ஒளி ஒன்றோடொன்று கலப்பதால், மழைநீரில் மிதக்கும் எண்ணெயில் தெரிவதைப் போன்ற வண்ணங்கள் தோன்றுகின்றன. படலம் தடிக்கத் தடிக்க வெளிர்மஞ்சள் பழுப்பாகி, ஊதாவாகி, நீலமாகிறது. துருப்பிடிக்காத எஃகில் ஏறத்தாழ 300 டிகிரி செல்சியஸில் மஞ்சள் தொடங்கும்; நீலம் வர 500 டிகிரிக்கு மேல் வேண்டும். சாதாரண எஃகோ 300 டிகிரியிலேயே நீலமாகிவிடும். நெடுநேரச் சூடும் நிறத்தை ஆழமாக்கும் என்பதால், நிறத்தை மட்டும் பார்த்து வெப்பத்தைக் கணக்கிட முடியாது.

புது வண்டியில் இரு குழாய்களும் ஒரே சீராக மஞ்சள் பூத்திருந்தால் நான் கவலைப்பட மாட்டேன். உங்கள் வண்டியில் ஒரு பக்கம் மட்டும் கறுத்திருப்பதுதான் என்னை உறுத்துகிறது. இரட்டைச் சிலிண்டர் வண்டியில் அப்படி இருந்தால், அந்தச் சிலிண்டருக்குப் பெட்ரோல் குறைந்து, காற்று மிகுதியாகப் போய், அதனால் சூடு கூடுகிறதா என்றுதான் முதலில் பார்க்க வேண்டும். பெட்ரோலையும் காற்றையும் கலக்கும் அந்தப் பக்கத்துக் கார்புரேட்டரில், பெட்ரோல் வரும் நுண்துளையான ஜெட்டில் அடைப்பு இருக்கலாம். கார்புரேட்டரை இன்ஜினோடு இணைக்கும் ரப்பர் விரிசல் விட்டிருக்கலாம். ஸ்பார்க் பிளக்குகளைக் கழற்றி அருகருகே வைத்துப் பாருங்கள்: வலப்பக்க பிளக்கின் முனை இளம்பழுப்பாகவும் இடப்பக்கத்தது சுண்ணாம்பு போல் வெளுத்தும் இருந்தால் ஐயம் உறுதியாகிவிடும். ஆக்ஸிலரேட்டரை விடும்போது சைலன்சரில் படபடவென்று வெடிச்சத்தம் கேட்டால், குழாய் இன்ஜினோடு சேரும் இடத்தில் கசிவைத் தடுக்கும் கேஸ்கெட்டையும் மெக்கானிக்கிடம் பார்க்கச் சொல்லுங்கள். தீப்பொறி தாமதமாக விழுந்தாலும் குழாய் கொதிக்கும்.

கோளாறைச் சரிசெய்யாமல் தேய்த்தால் நீலம் திரும்ப வரும். அதோடு உங்களுடையது குரோம் முலாம். அது மிக மிக மெல்லியது. அழுத்தித் தேய்த்தால் அடியிலுள்ள நிக்கல் மஞ்சளாக வெளிப்பட்டுவிடும், மீண்டும் முலாம் பூசுவதைத் தவிர வழியிருக்காது. முழுவதும் துருப்பிடிக்காத எஃகாலான குழாய் என்றால் இவ்வளவு அஞ்ச வேண்டியதில்லை.

வேலை முடிந்தபின், குழாய் நன்றாக ஆறியிருக்கும்போது, குரோமுக்கென்றே உள்ள பாலிஷை மென்துணியால் தடவிப் பாருங்கள். கைரேகையையும் எண்ணெய்ப் பிசுக்கையும் துடைத்துவிட்டே இன்ஜினை இயக்குங்கள். இல்லாவிட்டால் அவை சூட்டில் கருகிக் குழாயிலேயே படிந்துவிடும். பிளக்குகள் எப்படி இருந்தன என்று மறக்காமல் எழுதுங்கள்.

அன்புடன்,
உங்கள் நண்பன்