வெள்ளைச் சீட்டை வெறுஞ்சீட்டாக்காதீர்கள்

மதிப்பிற்குரிய ஆசிரியருக்கு,

வணக்கம். டெல்டாவில் ஊராட்சித் தேர்தல் பேச்சு எங்கே எழுந்தாலும், டீக்கடையானாலும் கொள்முதல் நிலைய வாசலானாலும், 'தலைவருக்கு யார் நிற்கிறது?' என்ற கேள்வியோடு முடிந்துவிடுகிறது. வெள்ளைச் சீட்டில் நாம் தேர்ந்தெடுக்கும் வார்டு உறுப்பினரைப் பற்றி யாரும் வாய் திறப்பதில்லை. 'மெம்பர்தானே, யாராவது இருந்துட்டுப் போகட்டும்' என்று விட்டுவிடுகிறார்கள். ஆனால் தலைவரின் நிர்வாகம் ஓடுவதும் முடங்குவதும் அந்த மெம்பர்களின் கையில்தான் இருக்கிறது. ஊராட்சிக் கணக்குப் பார்த்த எவருக்கும் இது தெரியும்.

2019 டிசம்பர் 27, 30 தேதிகளில் நாம் ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்தவர்கள் 2020 ஜனவரி 6 அன்று பதவியேற்றார்கள். 2025 ஜனவரி 5 அன்று அவர்களின் காலம் முடிந்து, அரசு நியமித்த தனி அலுவலர் நிர்வாகம் வந்தது. 2016 அக்டோபரில் நடக்கவிருந்த தேர்தலை உயர் நீதிமன்றம் ரத்து செய்தபோதும் இதே கதைதான். மூன்று ஆண்டுகளுக்கு மேல் ஊருக்கு ஆள் இல்லை. ஐந்தாண்டு முடிவதற்குள் தேர்தலை நடத்தி முடிக்க வேண்டும் என்று அரசியல் சட்டத்தின் 243-இ பிரிவு சொல்கிறது. அந்தச் சட்டப் பிரச்சினையை வழக்கறிஞர்கள் பார்த்துக்கொள்ளட்டும். சாவடியில் நம் கையில் கிடைக்கும் நான்கு சீட்டுகளில் ஒன்றைப் பற்றி மட்டும் இங்கே எழுதுகிறோம்.

கிராமத்து வாக்காளருக்கு நான்கு ஓட்டு. மாவட்ட ஊராட்சி உறுப்பினருக்கு மஞ்சள் சீட்டு, ஒன்றியக் குழு உறுப்பினருக்குப் பச்சை, ஊராட்சித் தலைவருக்கு இளஞ்சிவப்பு, நம் மக்கள் சொல்வதுபோல் 'ரோஸ் சீட்டு'. வார்டு உறுப்பினருக்கு வெள்ளை அல்லது நீலம்; பெரும்பாலும் வெள்ளை. மஞ்சளுக்கும் பச்சைக்கும் கட்சிச் சின்னம் உண்டு என்பதால் கட்சிக்காரர்கள் வீடு வீடாக வந்து சொல்லிக்கொடுப்பார்கள். ரோஸ் சீட்டுக்குத் தலைவர் வேட்பாளரே ஆள் வைத்துச் சொல்வார். வெள்ளைச் சீட்டுக்குச் சொல்ல ஆளில்லை. அதனால் அது குத்தப்படாமலே பெட்டிக்குள் போகிறது, அல்லது ரோஸ் சீட்டில் குத்திய சின்னம் எங்கே என்று அதில் தேடிக் குழம்பி, இரண்டு இடத்தில் குத்துப்பட்டுச் செல்லாமல் போகிறது.

இதனால் என்ன நட்டம்? துணைத் தலைவரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுப்பதில்லை. வார்டு உறுப்பினர்கள் தங்களுக்குள் ஒருவரைத் தேர்ந்தெடுக்கிறார்கள். ஊராட்சிக் காசோலையில் தலைவரோடு சேர்ந்து கையெழுத்துப் போட வேண்டியவர் இந்தத் துணைத் தலைவர்தான். 1994-ஆம் ஆண்டு ஊராட்சிகள் சட்டம் வைத்த ஏற்பாடு அது. தனியாளாகப் பணம் எடுத்துவிடக் கூடாது என்ற நோக்கம் நல்லதுதான். ஆனால் நடப்பில் அது இரண்டு சாவி போட்ட பூட்டு. ஒரு சாவி ஊர் முழுதும் ஓட்டுப் போட்டுக் கொடுத்தது. இன்னொன்று, யாரும் கவனிக்காத வெள்ளைச் சீட்டு வழியாக எவர் கைக்கோ போய்ச் சேர்ந்தது.

ஒரு கணக்குப் போட்டுப் பாருங்கள். 9 வார்டு ஊராட்சி. துணைத் தலைவராக 5 பேர் ஆதரவு போதும். தெருப் பெரியவர்கள் கூடிப் பேசி 3 வார்டில் போட்டியில்லாமல் ஆளை நிறுத்திவிட்டார்கள். இன்னும் இரண்டு வார்டில் ஆளுக்கு எழுபது, எண்பது ஓட்டு வாங்கியவர்கள் ஜெயித்தார்கள். ஆக, நூற்றைம்பது சொச்சம் ஓட்டில், இரண்டாயிரம் பேர் வாழும் ஊரின் கஜானாவுக்குப் பாதி உரிமை. அந்த ஐவரும் தலைவரோடு ஒத்துப்போனால் பிரச்சினை இல்லை. ஒத்துப்போகாவிட்டால் ஒவ்வொரு தொகையும் இழுபறிதான்.

மாதக் கடைசியில் போக வேண்டியவை பெரிய தொகைகள் அல்ல: தண்ணீர்த் தொட்டி இயக்குபவரின் சம்பளம், பிளீச்சிங் பவுடர், தெருவிளக்குச் சாமான், மோட்டார் காயில் கட்டிய கூலி. சித்திரை, வைகாசியில் நிலத்தடி நீர் இறங்கும்போது நீர்மூழ்கி மோட்டார் தண்ணீர் இல்லாமல் ஓடிக் காயில் கருகும். கப்பி கட்டி அதை மேலே தூக்க ஆள் வேண்டும். காயில் கட்ட இரண்டு மூன்று நாள் ஆகும். போன தடவைப் பாக்கி நின்றிருந்தால் மெக்கானிக் போனையே எடுக்க மாட்டார். பத்து ரூபாய்க் கையெழுத்துச் சண்டைக்கு ஊரே குடம் தூக்கும்.

இதைவிட மோசம் புரட்டாசியில். ஊருக்குள் ஓடும் சின்ன வடிகால்களில் ஆகாயத்தாமரையும் நெய்வேலிக் காட்டாமணக்கும் மண்டிக் கிடக்கும். ஐப்பசி மழை பிடிப்பதற்குள் பொக்லைன் விட்டு அதை வாரியாக வேண்டும். பிடித்தபின் வண்டி வயலோரம் இறங்காது. வாடகைக்கான தொகை அந்த மாதம் கையெழுத்தாகாமல் நின்றால், அடைமழையில் வடியாத தண்ணீரில் சம்பா நடவு நாலைந்து நாளில் அழுகத் தொடங்கும். ஆறுகளையும் பெரிய வாய்க்கால்களையும் நீர்வளத் துறை தூர்வாரி வைத்திருந்தாலும், தெருமுனைக் குழாய்ப் பாலத்துக்கு அடியில் அடைப்பு இருந்தால் தண்ணீர் அங்கேதான் தேங்கும்.

பட்டியல் சாதியினருக்கோ பெண்களுக்கோ தலைவர் பதவி ஒதுக்கப்பட்ட ஊராட்சிகளில் இந்தச் சிக்கல் தற்செயலாக வருவதில்லை. தலைவர் பதவிக்கு ஒதுக்கீடு உண்டு. துணைத் தலைவர் பதவிக்கு இல்லை. தலைவர் நாற்காலி கைவிட்டுப் போனவர்கள் வெள்ளைச் சீட்டில் கண் வைப்பது இதனால்தான். பெண்களுக்கு 50 சதவீத இடஒதுக்கீடு வந்தபின், ஒரு பெண் தலைவரை வெறும் கையெழுத்துப் பொம்மையாக்க வேண்டுமென்றால் முதலில் துணைத் தலைவரைப் பிடிப்பார்கள். இழுபறி முற்றினால் மாவட்ட ஆட்சியர் தலையிட்டு மாற்று ஏற்பாடு செய்யலாம். ஆனால் அந்தக் கோப்பு நகர்வதற்குள் ஒரு போகம் முடிந்துவிடும்.

இங்கிலாந்தின் கிராமப்புறங்களிலும் இதே இரட்டைக் கையெழுத்து விதி இருந்தது. அங்கே மாவட்டக் கவுன்சிலுக்குக் கீழே, நம் ஊராட்சிபோல் பாரிஷ் கவுன்சில் என்று ஒன்று உண்டு. பாரிஷ் காசோலையில் இரண்டு உறுப்பினர்கள் கையெழுத்திட வேண்டும் என்று 1972-ஆம் ஆண்டுச் சட்டம் சொன்னது. 2014-இல் அந்தக் கட்டாயத்தை எடுத்துவிட்டு, பணத்தைக் கட்டுப்படுத்தும் முறையைக் கவுன்சிலே வகுத்துக்கொள்ளட்டும் என்று விட்டார்கள். விதி இருந்த காலத்திலும் 'இன்ன பதவிக்காரர்' என்று அது கட்டிப்போடவில்லை. எந்த இரண்டு உறுப்பினரானாலும் போதும். ஒருவர் முறுக்கிக்கொண்டால் இன்னொருவர் போடுவார். அங்கே தலைவரையும் உறுப்பினர்களே ஆண்டுதோறும் தேர்ந்தெடுப்பதால், தலைவர் ஒரு கட்சி, மெம்பர்கள் ஒரு கட்சி என்ற நிலை எளிதில் வராது. நம் சட்டத்திலும் ஒரு திருத்தம் வேண்டும். காசோலைக்கான இரண்டாவது கையெழுத்தை, ஊராட்சித் தீர்மானத்தில் பெயர் குறித்த மூன்று உறுப்பினர்களில் யாராவது ஒருவர் போடலாம் என்று மாற்றினாலே பாதி வம்பு தீரும். கண்காணிப்பும் குறையாது.

ஒரு செய்தியைச் சேர்த்துச் சொல்லிவிடலாம். முறையான விசாவில் இங்கிலாந்தில் குடியிருக்கும் இந்தியக் குடிமக்கள் காமன்வெல்த் நாட்டினர் என்ற வகையில் அங்குள்ள கவுன்சில் தேர்தல்களில் பெயர் பதிந்து ஓட்டுப் போடலாம். கும்பகோணம், மயிலாடுதுறைப் பக்கத்திலிருந்து போன பிள்ளைகளில் பலருக்கு இது தெரியாது. 2023 மே முதல் சாவடிக்குப் புகைப்பட அடையாள அட்டையும் கொண்டு போக வேண்டும்.

இனி நம் சாவடிக்குள் வருவோம். சாவடியில் தரும் அம்புக்குறி முத்திரையைத் தவிர வேறு எதனால் குறியிட்டாலும், பேனாவானாலும் கைரேகையானாலும், ஓட்டுச் செல்லாது. இங்கிலாந்தில் பென்சிலால் பெருக்கல் குறி போடச் சொல்கிறார்கள். டிக் அடித்தாலும், குறி கட்டத்துக்குச் சற்று வெளியே விழுந்தாலும், யாருக்கு என்பது தெளிவாக இருந்தால் ஏற்றுக்கொள்வார்கள். நம்மிடம் அந்தத் தாராளம் இல்லை. முத்திரையை மையில் லேசாக ஒற்றி, சின்னத்தின் மேலேயே ஒருமுறை குத்த வேண்டும். இரண்டு கட்டங்களுக்கு நடுக்கோட்டில் குத்தினால் சந்தேகத்தில் போகும். சீட்டை முதலில் நெடுக்குவாட்டில், பிறகு குறுக்கே மடிக்க வேண்டும். அவசரத்தில் முதலிலேயே குறுக்கே மடித்தால், காயாத மை மேலிருந்து கீழே வேறொரு சின்னத்தின் மேல் பதியும். நான்கு சீட்டையும் ஒன்றாகச் சுருட்டிப் போடும் பாட்டிகள் விஷயத்தில் இது சாதாரணம்.

வேட்பாளர்களின் முகவர்கள் இதையும் தெரிந்து வைத்துக்கொள்ள வேண்டும். அம்புக்குறி முத்திரையின் கைகள் ஒரே பக்கமாகச் சுழலும்படி அமைக்கப்பட்டிருப்பதற்குக் காரணமே இந்த மடிப்பு மைதான். அசல் குத்தின் கை ஒரு பக்கம் திரும்பியிருக்கும். மடிப்பில் ஒட்டிய நகல் கண்ணாடியில் பார்ப்பதுபோல் மறுபக்கம் திரும்பியிருக்கும். 'ரெண்டு குத்து இருக்கு, செல்லாது' என்று எதிர்த்தரப்பு குரல் கொடுக்கும்போது, சீட்டைத் திரும்ப மடித்துக் காட்டச் சொல்லி, எது அசல் எது ஒட்டல் என்று சுட்டிக்காட்டினால் ஓட்டு நிற்கும். வெள்ளைச் சீட்டு எண்ணும்போது இது விளையாட்டல்ல. ஒற்றை ஓட்டில் தீர்ந்த வார்டுகள் உண்டு. சமமாக வந்தால் குலுக்கல்தான்.

எண்ணிக்கை ஒன்றிய அளவில் ஓர் இடத்தில் நடக்கும். பெட்டியைத் திறந்ததும் முதலில் நிறவாரியாகப் பிரிப்பதற்கே நேரம் போய்விடும். 2020 ஜனவரி 2-இல் தொடங்கிய எண்ணிக்கை மறுநாளும் நீண்டது இதனால்தான். தலைவர் முடிவு வந்த கையோடு மாலையும் வெடியுமாக முகவர்கள் வெளியே ஓடிவிட, வெள்ளைச் சீட்டு மேசையருகே ஆளே இருப்பதில்லை. மறு எண்ணிக்கை கேட்பதானால் முடிவை அறிவிக்கும் முன்பே எழுத்தில் கொடுக்க வேண்டும். அறிவித்தபின் நீதிமன்றம்தான் வழி.

நிற்க நினைப்பவர்களுக்கு: 21 வயது நிரம்பியிருக்க வேண்டும். 2019 தேர்தலில் வார்டு உறுப்பினருக்குக் காப்புத் தொகை 200 ரூபாய், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு 100 ரூபாய். முன்மொழிபவர் அதே வார்டு வாக்காளராக இருக்க வேண்டும். இதில்தான் மனுக்கள் விழுகின்றன. நம் ஊர்களில் ஒரு தெருவின் வடசிறகு ஒரு வார்டு, தென்சிறகு இன்னொரு வார்டு. எதிர்வீட்டு மாமாவிடம் கையெழுத்து வாங்கிப் போனால் பரிசீலனை நாளில் மனு போச்சு. வார்டுவாரி வாக்காளர் பட்டியலை வாங்கி, பாகம் எண், வரிசை எண்ணைச் சரிபார்த்தபின் கையெழுத்து வாங்குங்கள். ஊராட்சிக்குக் கட்ட வேண்டிய வீட்டு வரி, குடிநீர்க் கட்டணப் பாக்கி இருந்தால் முன்கூட்டியே கட்டி ரசீதை மனுவோடு கொண்டு போங்கள். ஆட்சேபணை எழுப்ப ஒருவர் காத்திருப்பார். உள்ளாட்சிப் பட்டியல் சட்டமன்றப் பட்டியலிலிருந்துதான் எடுக்கப்படுகிறது. அங்கே பெயர் விட்டுப்போயிருந்தால் இங்கேயும் இருக்காது.

தேர்தல் ஆணையத்துக்கு எங்கள் வேண்டுகோள் ஒன்றுதான். சாவடிக்கு வெளியே ஒட்டும் மாதிரிச் சுவரொட்டியில் நான்கு நிறத்தையும் வரிசையாகப் போடும்போது, வெள்ளைச் சீட்டின் கீழே 'துணைத் தலைவரைத் தேர்ந்தெடுக்கப் போகிறவர் இவர்' என்று ஒரு வரி சேர்த்தால் போதும். அச்சுச் செலவு கூடாது.

வென்றவர்களும் தோற்றவர்களும் மறந்துபோகும் ஒரு வேலை உண்டு. 2019 தேர்தலில் வார்டு உறுப்பினருக்குச் செலவு வரம்பு 9,000 ரூபாய் என்று இருந்தது. டீ, நோட்டீஸ், ஆட்டோ வாடகை எல்லாவற்றையும் எழுதி, முடிவு அறிவித்த 30 நாளுக்குள் கணக்கு ஒப்படைக்க வேண்டும். ஒப்படைக்காதவர் 3 ஆண்டு தேர்தலில் நிற்க முடியாமல் போகலாம். கொடுத்ததற்கு ஒப்புகைச் சீட்டு வாங்கி, ரேஷன் கார்டோடு சேர்த்து வைத்துக்கொள்ளுங்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஊராட்சி, ஒன்றிய அலுவலர்கள் சிலர்,
மன்னார்குடி வட்டம், திருவாரூர் மாவட்டம்.