வட்டம் முழுதாக விழவில்லை

மதிப்பிற்குரிய கிளை மேலாளர் அவர்களுக்கு,

வணக்கம். எந்த வங்கி, எந்தக் கிளை என்று இங்கே எழுதவில்லை. மூன்று முறை என் தாயாரைத் திருப்பி அனுப்பியது யார் என்பது உங்களுக்கே தெரியும். காலமான என் தந்தையின் சேமிப்புக் கணக்கு, அதில் அவர் நியமனதாரர் பெயரை எழுதாமல் விட்டது எல்லாம் உங்கள் மேசைக்கு வந்துபோன விவரங்கள்தான். சான்றிதழைப் பற்றி மட்டும் பேசுகிறேன்.

இ-சேவை மையத்தில் மனுக் கொடுத்து, கிராம நிர்வாக அலுவலரும் வருவாய் ஆய்வாளரும் விசாரித்து, வட்டாட்சியர் மின்கையொப்பமிட்டு வழங்கிய வாரிசுச் சான்றிதழ் அது. கீழே கியூஆர் கோடு இருக்கிறது. மின்கையொப்பத்தை நம் நாட்டுச் சட்டம் 2000ஆம் ஆண்டிலேயே ஏற்றுக்கொண்டுவிட்டது. உங்கள் கவுண்டர் இன்னும் ஏற்கவில்லை. "வட்ட சீல் எங்கே, பச்சை மைக் கையெழுத்து எங்கே?" என்று கேட்டு, தாளைக் கண்ணாடிக்கு அடியிலேயே திருப்பித் தள்ளினார்கள்.

தாலுகா அலுவலகத்துக்குப் போனோம். கணினியில் வந்ததற்கு முத்திரை வைக்கும் வழக்கம் இல்லை என்றார்கள். உங்களிடம் வந்தால், முத்திரை இல்லாததை வாங்கும் வழக்கம் இல்லை. இந்த இரண்டு வழக்கங்களுக்கும் நடுவில் 76 வயது அம்மா, மஞ்சள் பையை மடியில் வைத்துக்கொண்டு. வைகைக் கரையில் வெற்றிலைக் கொடிக்காலில் குனிந்து குனிந்தே முழங்கால் தேய்ந்தவர். ஆரப்பாளையத்தில் பஸ்ஸை விட்டு இறங்குவதற்கே அவருக்கு இரண்டு பேர் கை கொடுக்க வேண்டும்.

கடைசியில் யாரோ ஒரு புண்ணியவான் இரக்கப்பட்டு முத்திரை வைத்தார். மைப்பெட்டி காய்ந்து கிடந்தது. இரண்டு சொட்டுத் தண்ணீர் விட்டு, ரப்பர் முத்திரையை வாயால் ஊதி, ஓங்கி அழுத்தினார். மூன்றாம் பிறை மாதிரி ஒரு கோடு விழுந்தது. அதை எடுத்துக்கொண்டு மூன்றாம் முறை வந்தோம். உங்கள் ஊழியர் வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்துவிட்டு, "வட்டம் முழுதாக விழவில்லை" என்றார். அம்மா என்னிடம் மெதுவாகக் கேட்டார்: "கல்யாணப் பத்திரிகைக்கு நான்கு மூலையிலும் மஞ்சள் தடவுவது போலத்தானே இதுவும்? நாமே ஏதாவது தடவிக் கொடுத்துவிட்டால் ஆகாதா?"

அதே ஊழியர், அன்று மத்தியானம், எதிர் டீக்கடையில் ஒட்டியிருந்த கியூஆர் கோட்டைச் செல்பேசியில் காட்டிப் பணம் கட்டினார். வடைக்கு நம்பக்கூடிய கட்டம் வட்டாட்சியர் சான்றுக்கு ஆகாது போலும்.

ஒன்று செய்யலாம். முத்திரைச் சட்டம் என்று ஒன்றை நீங்களே இயற்றிவிடுங்கள். ஒவ்வொரு முத்திரையும் உண்மையானதுதான் என்று இன்னொரு முத்திரை சாட்சி சொல்ல வேண்டும். அந்தச் சாட்சிக்கு வேறொன்று. முத்திரை விழாத பிணத்துக்குத் தத்தனேரிச் சுடுகாட்டில் இடமில்லை என்றும் ஒரு பிரிவு சேர்த்துக்கொள்ளலாம்.

கூடல் நகர் எனப்பட்ட இதே மதுரையில்தான், எட்டாம் நூற்றாண்டில், பாண்டியன் பராந்தக நெடுஞ்சடையன் வரும் வழியில் ஒருவர் நின்று முறையிட்டார். முதுகுடுமிப் பெருவழுதி தன் முன்னோருக்குக் கொடுத்த வேள்விக்குடியைக் களப்பிரர் பறித்துவிட்டார்கள் என்றார். பழமையைக் காட்டிப் பெற்றுக்கொள் என்று புன்னகையோடு சொன்னான் அரசன். அவர் காட்டினார், ஊர் கிடைத்தது. பல நூற்றாண்டுக்கு முந்தைய தானம் அது! வேள்விக்குடிச் செப்பேடு சொல்லும் கதை. எங்களுடையது போன வைகாசியில் நடந்த சாவு.

கோபத்தில் எங்கேயோ போய்விட்டேன், பொறுத்துக்கொள்ளுங்கள். கேட்பது ஒன்றுதான்: மின்கையொப்பம் உள்ள சான்றிதழுக்கு ரப்பர் முத்திரை கேட்காதீர்கள். சந்தேகம் இருந்தால் அந்தக் கியூஆர் கோட்டைச் செல்பேசியில் சரிபாருங்கள். எங்களுக்கு மட்டுமல்ல, எங்களுக்குப் பின்னால் வரிசையில் நின்ற அந்தப் பெண்மணிக்கும் கேட்காதீர்கள். அவர் கையிலும் அதே தாள்தான் இருந்தது.

வருகிற திங்கள்கிழமை காலை பத்து மணிக்கு அம்மாவை அழைத்து வருகிறேன். அன்றுதான் கலெக்டர் அலுவலகத்தில் குறைதீர்க்கும் நாளும். அங்கே போக வேண்டிய அவசியம் வராமல் பார்த்துக்கொள்ளும்படி பணிவுடன் வேண்டுகிறேன். அம்மா உட்கார ஒரு நாற்காலியும் போடச் சொன்னால் உதவியாக இருக்கும்.

இப்படிக்கு,
உங்கள் வாடிக்கையாளராக இருந்தவரின் மகன்