கொரியப் பெயர்களுக்குப் பொருள் எழுதும்போது

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

கொரியப் பெயர்களைப் பற்றித் தங்கள் ஞாயிறு இணைப்பில் வெளிவந்த கட்டுரையில், 'சொல்சு' என்னும் ஆண்பெயருக்கு 'இரும்பு' என்று ஒரே பொருள் தரப்பட்டிருந்ததுடன், அப்பெயரே 'சுல் சூ' என்றும் 'சியோல்-சூ' என்றும் இரு வேறு பெயர்கள்போல அச்சாகியிருந்தது. 1948இல் வெளியான முதல் வகுப்புப் பாடநூலில் சிறுவனின் பெயராக இடம்பெற்று, தென் கொரியர்கள் அனைவரும் அறிந்த பெயர் இது. இதிலேயே இவ்வளவு குழப்பம் நேர்வது வருத்தமளிக்கிறது.

கொரியர்கள் தம் பெயரை ஹங்குல் எனப்படும் கொரிய மொழியின் சொந்த எழுத்தில் எழுதினாலும், அதன் பொருள் பெரும்பாலும் பெற்றோர் தேர்ந்தெடுக்கும் ஹான்ஜா எனப்படும் சீன எழுத்துகளில்தான் அடங்கியிருக்கிறது. 'சொல்' என்னும் ஒரே ஒலிக்கு ஞானம், இரும்பு, ஊடுருவுதல் எனப் பொருள்படும் தனித்தனி எழுத்துகள் உள்ளன. மங்கலத்தைக் குறிக்கும் எழுத்தை அருகருகே இரண்டு முறை எழுதி ஞானத்தை உணர்த்தும் அழகிய வடிவமும் பெயர்களில் வழங்குகிறது. 'சு' என்பதோ சிறப்பு, நீண்ட ஆயுள், காத்தல் ஆகியவற்றில் எதுவாகவும் இருக்கலாம். கன்பூசியஸ் மாணவர்களுக்குக் கற்பித்த பகுதியில் ஓடிய ஓர் ஆற்றின் பெயராகவும் இருக்கலாம். தென் கொரிய அரசியல்வாதி அன் சொல்சுவின் பெயரில் இருப்பவை ஞானமும் சிறப்பும்தான்; இரும்புக்கு அங்கே இடமே இல்லை. பெயர்களுக்கென அந்நாட்டு உச்ச நீதிமன்றம் அனுமதித்த ஹான்ஜா எழுத்துகள் 2015இலேயே எட்டாயிரத்தைத் தாண்டிவிட்டன என்பதால், ஒலியை மட்டும் கேட்டுப் பொருள் சொல்வது வெறும் ஊகமாகவே முடியும்.

எழுத்துக்கூட்டல் குழப்பம் ஆங்கிலத்தின் வழியே வருகிறது. மேற்சொன்ன அரசியல்வாதி, 1992 பார்சலோனா ஒலிம்பிக்கில் தங்கம் வென்ற வட கொரியக் குத்துச்சண்டை வீரர், செய்யாத கொலைக்காக அமெரிக்காவில் தண்டிக்கப்பட்டு 1983இல் சிறையிலிருந்து வெளிவந்தவர் ஆகிய மூவரின் பெயரிலும் வரும் 'சொல்சு' ஹங்குலில் ஒன்றே. ஆங்கிலத்தில் மட்டும் மூன்று விதமாக எழுதப்படுகிறது. கொரியச் சொற்களை ஆங்கில எழுத்தில் எழுத 1937இல் உருவான முறை ஒரு விதமாகவும், 2000ஆம் ஆண்டின் தென் கொரிய அரசு முறை வேறு விதமாகவும் எழுத, தனிநபர்களோ தத்தம் விருப்பப்படி எழுதிக்கொள்கிறார்கள். அரசு முறையில் வரும் 'eo' என்னும் இரட்டை உயிரெழுத்தைக் கண்டு நாம் 'சியோ' என்று எழுதிவிடுகிறோம். ஆனால் அது அகரத்துக்கும் ஒகரத்துக்கும் இடைப்பட்ட ஒற்றை உயிரொலி. 'சூ' என்னும் நெடிலும் ஆங்கில எழுத்துக்கூட்டலிலிருந்து வந்ததே, குறிலே போதும். இரண்டு அசைகளின் முதல் மெய்களும் கொரிய மொழியில் வெவ்வேறு ஒலிகள் என்பதை நம் சகரம் காட்டாது. அதைக் காட்ட விரும்புவோர் 'சொல்ஸு' என எழுதலாம், அதில் பிழையில்லை.

ஆகவே, ஒருவரது பெயரின் ஹான்ஜா வடிவம் உறுதியாகத் தெரியாதபோது பொருள் தருவதைத் தவிர்க்குமாறும், ஆங்கில வடிவத்தைப் பெயர்க்காமல் ஹங்குலைப் பார்த்தே எழுதுமாறும் தங்கள் ஆசிரியர் குழுவை அன்புடன் கேட்டுக்கொள்கிறேன். ஹங்குலின் அடிப்படை எழுத்துகள் 24 மட்டுமே என்பதால், உதவியாசிரியர் எவரும் அவற்றை விரைவில் கற்றுக்கொள்ள இயலும்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்