சுகிமுரா ஹருகோவின் பெயரில் ஒரு திரையிடல் வேண்டும்

ஜப்பானியப் படங்களைத் திரையிட்டுவரும் திரைப்படச் சங்கங்களின் பொறுப்பாளர்களுக்கு,

வணக்கம். யசுஜிரோ ஓசுவின் படங்களுக்காக நீங்கள் அச்சிடும் துண்டறிக்கைகளில் இயக்குநரின் பெயரையும், செட்சுகோ ஹாரா, சிஷு ரியூ ஆகியோரின் பெயர்களையும் தவறாமல் பார்க்கிறேன். 'லேட் ஸ்பிரிங்' (1949), 'ஏர்லி சம்மர்' (1951), 'டோக்கியோ ஸ்டோரி' (1953) ஆகிய மூன்றிலும் அவர்களோடு நடித்த சுகிமுரா ஹருகோவின் பெயரை மட்டும் காணோம்.

அவரைத் துணை நடிகை என்று எழுத எனக்கு மனம் வரவில்லை. நம் வழக்கில் அச்சொல் கூட்டத்தோடு நிற்பவரையே குறித்துவிடுகிறது. இவரோ 1927இல் ட்சுகிஜி சிறு நாடக அரங்கில் தொடங்கி, 1937இல் உருவான புங்ககுசா நாடகக் குழுவின் தூணாக நின்றவர். விமானக் குண்டுவீச்சுக்கு நடுவே 1945 ஏப்ரலில் அரங்கேறிய நாடகமொன்றின் நாயகியாகப் பின்னாளில் தொள்ளாயிரம் முறைக்கு மேல் மேடையேறியவர்.

'டோக்கியோ ஸ்டோரி'யில் அவர் நடித்த மூத்த மகளை நினைத்துப் பாருங்கள். ஊரிலிருந்து வந்த பெற்றோருக்குக் கணவர் விலை கூடிய இனிப்பு வாங்கி வந்ததைக் கடிந்துகொள்கிறாள். தன் அழகு நிலையத்துக்கு வந்த வாடிக்கையாளரிடம் அவர்களை ஊர்ப்பக்கத்துத் தெரிந்தவர்கள் என்று சொல்லிவிடுகிறாள். தாய் இறந்ததும் வாய்விட்டு அழுதவள், ஈமச் சடங்கு முடிந்து சாப்பிட உட்கார்ந்த இடத்திலேயே தாயின் கோடைக்கால இடைக்கச்சை தனக்கு வேண்டும் என்கிறாள். பார்ப்பவர்கள் அவளை வெறுப்பது இயல்புதான். ஆனால் அந்த அழுகையில் துளியும் பொய் இல்லை. பாசமும் பேராசையும் ஒரே நெஞ்சில் குடியிருப்பதைச் சுகிமுரா ஒளிக்கவுமில்லை, மன்னிப்புக் கேட்கவுமில்லை.

'ஏர்லி சம்மர்' படத்தில் அவர் நாயகியின் அடுத்த வீட்டு விதவைத் தாய். அந்த நாயகியிடம், நீ என் மகனுக்கு மனைவியாக வந்தால் எவ்வளவு நன்றாயிருக்கும் என்று, நடக்காது என்ற நினைப்பிலேயே தயங்கித் தயங்கிச் சொல்கிறார். அந்தப் பெண் சம்மதித்ததும் நம்ப முடியாமல் திரும்பத் திரும்பக் கேட்டு, கண்ணீரோடு நன்றி சொல்லி, வேறு என்ன செய்வதென்று தெரியாமல், இனிப்புப் பயறு வைத்த பன் சாப்பிடுகிறாயா என்று கேட்கிறார். அந்த பன்னுக்காகவே நான் அப்படத்தை மறுபடியும் மறுபடியும் பார்க்கிறேன்.

எனவே, அடுத்த ஜப்பானியத் திரையிடலை இயக்குநரின் பெயரில் அல்லாமல் இவருடைய பெயரில் நடத்துமாறு கேட்டுக்கொள்கிறேன். மேற்சொன்ன மூன்றோடு, வட்டிக்குக் கடன் கொடுக்கும் முன்னாள் கெய்ஷாவாக (விருந்துகளில் ஆடிப்பாடி மகிழ்விப்பதைத் தொழிலாகக் கொண்ட பெண்) அவர் முதன்மைப் பாத்திரமேற்ற மிகியோ நருசேயின் 'லேட் கிரிசாந்தமம்ஸ்' (1954) படத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அதை முதல் நாளிலேயே திரையிடுங்கள்.

அன்புடன்,
உங்கள் பார்வையாளர்களில் ஒருவர்