வாசகர் வட்டத்தின் ஆண்டறிக்கை: இலியா சாவ்சவாட்ஸேயைப் பயின்ற ஓராண்டு

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும் நிர்வாகக் குழுவினருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

சென்ற பொதுக்குழுவின் தீர்மானப்படி, இவ்வாண்டின் மாதக் கூட்டங்கள் அனைத்தும் ஜார்ஜிய எழுத்தாளரும் அரசியல் செயற்பாட்டாளருமான இலியா சாவ்சவாட்ஸேயின் வாழ்வையும் எழுத்தையும் பயில ஒதுக்கப்பட்டன. ஒருவருக்காக ஓராண்டு முழுவதும் வேண்டுமா என்று அன்று சில உறுப்பினர்கள் எழுப்பிய வினா நிகழ்ச்சிக் குறிப்பேட்டில் உள்ளது. ஆண்டு முடிவில் இன்னும் இரண்டு கூட்டங்கள் வேண்டும் என்று கேட்டவர்களும் அவர்களே என்பதை மகிழ்ச்சியுடன் பதிவு செய்கிறேன்.

இலியா 1837 ஆம் ஆண்டு ககேத்தி வட்டாரத்தின் குவாரெலியில் ஒரு பிரபுக் குடும்பத்தில் பிறந்தார். அதற்கு 36 ஆண்டுகளுக்கு முன்பே கிழக்கு ஜார்ஜியா ருஷ்யப் பேரரசுடன் இணைக்கப்பட்டிருந்தது. 1857 இல் சட்டம் படிக்கப் பீட்டர்ஸ்பர்க் பல்கலைக்கழகத்துக்குச் சென்ற அவர், 1861 இல் பட்டம் பெறாமலே ஊர் திரும்பினார். ருஷ்யா சென்று படிக்கும் ஜார்ஜிய இளைஞர்கள் வழியில் தெர்கி ஆற்றைக் கடந்தாக வேண்டும் என்பதால், புதிய எண்ணங்களுடன் திரும்பிய அத்தலைமுறைக்கே 'தெர்கியின் நீரைக் குடித்தவர்கள்' என்று பெயர் வந்தது.

அதே 1861 இல், வழக்கொழிந்த எழுத்துகளைக் கைவிட்டு மக்கள் பேசும் மொழியை எழுத்தில் ஏற்க வேண்டும் என்று அவர் எழுதிய கட்டுரை மூத்த தலைமுறையைக் கொதிக்க வைத்தது. இதைப் பேசிய கூட்டத்தில் நம் இளம் உறுப்பினர் ஒருவர் இன்று வழக்கிலுள்ள 33 எழுத்துகளையும் சுண்ணக்கட்டியால் கரும்பலகையில் எழுதி, கைவிடப்பட்ட ஐந்தையும் ஓரமாகத் தனியே எழுதிக் காட்டினார். நேர்கோடு குறைந்து, வளைவும் சுழிவுமாக நின்ற அவ்வெழுத்துகளைக் கூட்டம் முடிந்த பின்னும் பலர் குறிப்பேடுகளில் எழுதிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பேச்சால் விளங்காத ஒன்று அந்தப் பலகையால் விளங்கியது என்பது என் எண்ணம்.

1863 இல் வெளிவந்த 'மனிதன் ஒரு மனிதப் பிறவியா?!' என்னும் குறுநாவலுக்கு இரண்டு கூட்டங்கள் தேவைப்பட்டன. உண்பதும் உறங்குவதுமாக, மல்லாந்து கிடந்து கூரையிலுள்ள ஈக்களை எண்ணிப் பொழுதைப் போக்கும் நிலவுடைமையாளர் லுவார்சாபை இலியா தம் சொந்த வர்க்கத்திலிருந்தே எடுத்தார். திபிலீசி மாகாணத்தில் பண்ணையடிமை முறை 1864 இல்தான் ஒழிக்கப்பட்டது என்பதை நினைவில் கொண்டால் அந்நூலின் துணிவு புரியும்.

எனினும் செயலாளர் என்ற முறையில் என்னை மிகவும் ஈர்த்தவை அவர் நடத்திய அமைப்புகளே. 1875 முதல் 1905 வரை திபிலீசியில் பிரபுக்களின் நில வங்கியைத் தலைமையேற்று நடத்தி, அதன் இலாபத்தைப் பள்ளிகளுக்கும் நாடகத்துக்கும் பண்பாட்டுப் பணிகளுக்கும் திருப்பிவிட்டார். வங்கிக் கூட்டங்களில் கடும் எதிர்ப்பைச் சந்தித்தார். ஷேக்ஸ்பியரின் 'லியர் அரசன்' நாடகத்தை அவருடன் சேர்ந்து மொழிபெயர்த்த இவானே மச்சாபெலியே பின்னாளில் வங்கி விவகாரத்தில் அவருக்கு எதிரணியில் நின்றார். 1877 இல் 'இவேரியா' இதழைத் தொடங்கினார். 1879 இல் உருவான ஜார்ஜியர் எழுத்தறிவுப் பரப்புக் கழகத்துக்கு 1885 முதல் இறுதிவரை தலைவராக இருந்தார். பாடநூல், பள்ளி, நூலகம், பழஞ்சுவடிச் சேகரிப்பு ஆகியவை அக்கழகத்தின் அன்றாட வேலைகள். கணக்கும் கூட்டமும் கடிதமுமான இந்த உழைப்பை அவருடைய கவிதைக்குக் குறைந்ததாக நான் கருதவில்லை; அடிமைப்பட்ட நாட்டில் மொழியை உயிரோடு வைத்திருந்தது இதுவே.

1906 இல் ருஷ்யப் பேரரசின் அரசு மன்றத்துக்குத் தேர்வாகி மரண தண்டனைக்கு எதிராகப் பேசினார். மறு ஆண்டு, பழைய நாட்காட்டியின்படி ஆகஸ்டு 30 அன்று, மனைவி ஓல்காவுடன் சகுராமோ இல்லத்துக்குக் குதிரை வண்டியில் போகும் வழியில், ம்ட்ஸ்கேதாவுக்கு அருகிலுள்ள சிட்சமூரியில் சுட்டுக் கொல்லப்பட்டார். ஏவியவர் யார் என்ற விவாதம் இன்றும் ஓயவில்லை. அதே தாக்குதலில் காயமுற்ற ஓல்கா, பிடிபட்டவர்களுக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டபோது அவர்களுடைய உயிருக்காக மன்றாடினார். இதை வாசித்த மாலையில் சிறிது நேரம் எவரும் பேசவில்லை. அன்று வழக்கமான விவாதத்தை நடத்தாமலே கூட்டத்தை முடித்துக்கொண்டோம்.

நூல்கள் ஆங்கில வழியாகவே கிடைத்ததால் படிகள் எடுக்கும் செலவு கூடியது; நன்கொடை அளித்து அதை ஈடுசெய்த உறுப்பினர்களுக்கு நன்றி. இலியாவின் 'வழிப்போக்கனின் கடிதங்கள்' நூலின் தமிழாக்கம் பாதியில் நிற்கிறது. அதை முடிக்க மூவர் குழு ஒன்றை அமைக்குமாறு கோரி, தணிக்கை செய்யப்பட்ட வரவு செலவுக் கணக்குடன் இவ்வறிக்கையைப் பொதுக்குழுவின் ஒப்புதலுக்கு முன்வைக்கிறேன்.

தங்கள் உண்மையுள்ள,
செயலாளர்